அறுந்த இழையை யார் முடிவது?

மூன்று வாரமாக ஒரு விளையாட்டு செத்துக்கொண்டிருப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கொன்றவன் நான்தான் என்பது நான்காவது வாரம்தான் உறைத்தது.

சிங்கப்பூரின் ஈசூனில் எங்கள் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில், சதுரங்கக் கட்டம் பதித்த கல் மேசை ஒன்று உண்டு. சனிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு மேல் அது என் மகனுக்கும் அவனுடைய கூட்டாளிகள் மூவருக்கும் சொந்தம். பகடை உருட்டிக் கதை வளர்க்கும் ஆட்டம் ஆடுவார்கள். ஒருவர் கதை சொல்லவேண்டும், மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரமாக அதற்குள் புகுந்து நடமாடுவார்கள். கதவு திறக்குமா, எதிரி வீழ்வானா என்பதையெல்லாம் இருபது முகப் பகடை முடிவு செய்யும். நால்வருக்கும் தமிழ் வாய்மொழித் தேர்வு வரப்போகிறது, ஒருவருக்கும் இரண்டு நிமிடம் சேர்ந்தாற்போலத் தமிழில் பேச வரவில்லை. "அப்பா, நீங்க கதை சொல்லுங்க, நாங்க தமிழ்லயே ஆடுறோம், கேன்?" என்று மகன் கேட்டபோது எனக்குத் தலைகால் புரியவில்லை. பதினைந்து வயதுப் பையன் வார இறுதியில் அப்பாவை அழைப்பதெல்லாம் அடிக்கடி நடக்கிற காரியமா என்ன.

ராத்திரி உட்கார்ந்து ஒரு உலகம் செய்தேன். காலத்தை நெய்து காக்கும் ஒரு குழு. அதற்குச் சங்கம் என்று பெயர் வைக்கலாமா என்று பார்த்தேன். சிங்கப்பூரில் சங்கம் என்றாலே ஆண்டு விருந்தும் சிறப்பு விருந்தினர் தோளில் பொன்னாடையும்தான் கண்முன் வருகின்றன. பழைய வணிகக் குழுக்களை யோசித்தேன். மணிக்கிராமம், அஞ்சுவண்ணம், ஐந்நூற்றுவர். நம் அண்டைத் தீவான சுமத்ராவின் பாருஸில் 1088ஆம் ஆண்டிலேயே தமிழில் கல்வெட்டு வைத்தவர்கள் அந்த ஐந்நூற்றுவர். கடல் தாண்டி வந்து, சொந்த ஊரின் சட்டத்தையும் கையோடு கொண்டுவந்தவர்கள். கடைசியில் 'கணம்' என்ற சொல்லில் போய் நின்றேன். கூட்டம் என்றாலும் கணம், ஒரு நொடிப்பொழுது என்றாலும் கணம். காலநெசவர் கணம். இந்தச் சிலேடை கிடைத்த சந்தோஷத்தில் மற்றதையெல்லாம் கோட்டைவிட்டேன் என்று இப்போது தோன்றுகிறது.

கணத்திடம் ஒரு கருவி. நேரத்தறி. மலையைக் குடைந்த மண்டபத்தில் பனைமர உயரத்துக்கு நிற்கும். அதன் பாவில், அதாவது நெடுக ஓடும் நூலில், அறுபது இழைகள், நாளுக்கு அறுபது நாழிகை என்பதால். மனிதர்கள் செய்வதும் செய்யாமல் விடுவதும் ஊடையாகக் குறுக்கே ஓடும். இதுவரை சரி. இதற்கு மேல்தான் என் தொழில் மூளை புகுந்தது. நான் கணினிச் சேவையகங்களைக் காக்கும் வேலையில் இருபது வருடம் ஓட்டியவன். எது உடைந்தாலும் நேற்றைய நகலை எடுத்துப் போட்டு மீட்பதுதான் எனக்குத் தெரிந்த ஒரே வீரம். அதனால் தறியின் அடியில் ஒரு வெண்கல ஆமையை வைத்தேன். காலம் நிலைகுலையாமல் காப்பது அதன் வேலை. எங்காவது ஓர் இழை அறுந்தால் ஆமை தலையை உள்ளே இழுக்கும். துணி தானாகப் பிரிந்து, கடைசியாக நன்றாக இருந்த வரிசைக்குப் போய் நிற்கும். அங்கிருந்து மறுபடி நெய்யத் தொடங்கும். படமும் வரைந்து, பல்சக்கரம், சங்கிலி, எடைக்கல் எல்லாம் போட்டு, நூலகத்தில் வண்ணத்தில் அச்செடுத்து வந்தேன்.

முதல் வாரம் பிள்ளைகள் வாயைப் பிளந்தார்கள். இரண்டாவது வாரம் பாலம் இடிந்து ஒருவன் ஆற்றில் விழுந்தபோது எல்லாரும் சேர்ந்து "ஆமை!" என்று கத்தினார்கள். பிரித்தோம், மறுபடி நெய்தோம், பாலம் இடியவில்லை. மூன்றாவது வாரம் எதற்கெடுத்தாலும் ஆமை. பகடையில் குறைந்த எண் விழுந்தால் ஆமை, பேரம் படியாவிட்டால் ஆமை. கண்ணாடி போட்ட பையன் வேண்டுமென்றே மலையிலிருந்து குதித்துப் பார்த்தான். "செத்தாலும் பரவால்ல அங்கிள், ஆமை இருக்குல்ல." அந்தப் பக்கத்தில் இருந்த பெண் கைப்பேசியைப் பார்க்க ஆரம்பித்தாள். நான் விதிகளைக் கூட்டினேன்: ஆமையை நாளுக்கு மூன்று தடவைதான் கூப்பிடலாம், கூப்பிட்டால் பொன் கட்டவேண்டும். பயனில்லை. காலத்தை இவ்வளவு பத்திரமாகப் பார்த்துக்கொள்ளும் ஒரு கருவி இருக்கும்போது கதைக்கு வேலையே இல்லாமல் போய்விட்டது.

உட்கார இடம் எங்கே

நான்காவது சனிக்கிழமை அம்மா கீழே வந்தார். பிள்ளைகளுக்கு மசால்வடையும் ஒரு பிளாஸ்க் தேநீரும். மேசையில் விரித்திருந்த படத்தைக் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்தார்.

"என்னடா வரைஞ்சி வெச்சிருக்க?"

"தறிம்மா. காலத்த நெய்யிற தறி."

"தறியா? உக்கார எடம் எங்க?"

நான் படத்தைப் பார்த்தேன். உட்கார இடம் இல்லை. பல்சக்கரம் பதினாலு இருந்தது, ஆள் உட்கார ஒரு பலகை இல்லை. தானாக ஓடும் தறி என்று விளக்கினேன்.

"பவர்லூமா? பவர்லூம்னாலும் இழை அறுந்தா ஒரு ஆளு ஓடி வந்து முடியணுமே. இதுல அறுந்த இழைய யாரு முடிவா?"

ஆமை பிரித்துவிடும் என்றேன். அம்மா வடைத் தட்டைக் கீழே வைத்துவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார். கணக்குப் பரீட்சையில் பதினேழு வாங்கிவந்த அன்று பார்த்த அதே பார்வை. "ஒரு இழை அறுந்ததுக்கு ஒரு முழத்தப் பிரிப்பியா? பிரிச்ச பட்ட மறுபடி நெஞ்சா அது பட்டாவா இருக்கும்? உரசி உரசிப் பஞ்சாயிடும்டா." பிள்ளைகள் வடையைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண் கைப்பேசியை மடியில் கவிழ்த்து வைத்தாள்.

அம்மா பிறந்தது காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையம். தாத்தா வீட்டில் இரண்டு குழித்தறிகள். அம்மா தறியில் உட்கார்ந்து நெய்தவர் இல்லை, ஆனால் ஏழெட்டு வயதிலிருந்தே ஊடை நூலைக் குச்சியில் தாராகச் சுற்றியவர். கோர்வைக்குக் கரைநாடா, அதாவது கரையின் ஊடை நூலைக் குறுக்கே கொண்டுபோகும் கட்டை, தள்ளத் தாத்தாவின் பக்கத்தில் உட்கார்ந்தவர். கோர்வைச் சேலையில் உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு வேறு நிறம், ஆகவே நாடாக்கள் தனித்தனியே ஓடி ஒவ்வொரு வரிசையிலும் ஒன்றோடொன்று கைகோத்துத் திரும்பவேண்டும். பெரியவர் ஒருவரால் மட்டும் ஆகிற வேலை இல்லை, பக்கத்தில் ஒரு பிள்ளை வேண்டும். இதையெல்லாம் அம்மா எனக்கு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். நானும் 'உம்' கொட்டியிருக்கிறேன். ஒரு தறியை வரைய உட்கார்ந்தபோது அதில் ஒரு சொல்கூட எனக்கு நினைவு வரவில்லை. கணினித் திரையில் தேடிப் பார்த்த ஏதோ ஓர் ஐரோப்பிய ஆலைப் படம்தான் கைக்கு வந்தது.

அன்று மேசையில் அமர்ந்து அம்மா சொன்னது எனக்குப் புதிது. பாவு இறுக்கமாக இருக்கவேண்டும், ஆனால் ஓரளவுக்கு மேல் இறுக்கினால் அதுவே அறுக்கும். மழைக்காலத்தில் தெருவில் பாவு நீட்ட முடியாது, குழியில் தண்ணீர் ஊறும், தறி நின்றுபோகும், வீட்டில் அரிசியும் நின்றுபோகும். இழை அறுந்தால் தாத்தா திட்டமாட்டார். நாடாவை வைத்துவிட்டு, அறுந்த முனையைத் தேடி எடுத்து, ஒரு துண்டு இழையைச் சேர்த்து முடிந்து, தறிச் சீப்பான பண்ணையில் கோத்துவிட்டு நெய்வார். "முடிச்சு எங்க பாட்டி போகும்?" என்று கண்ணாடிப் பையன் கேட்டான். "எங்கயும் போகாது. துணியிலதான் இருக்கும். பின்பக்கம் தடவிப் பாத்தா கைக்குத் தெரியும்."

பிறகு பேட்னி பற்றிச் சொன்னார். உடலின் நிறம் முடிந்து முந்தானையின் நிறம் தொடங்கும் இடம். பழைய பாவின் ஒவ்வோர் இழையோடும் புதிய பாவின் ஓர் இழையை இணைக்கவேண்டும், ஆயிரக்கணக்கில். விரலில் சாம்பல் தொட்டுக்கொண்டு ஒவ்வொன்றாக. "அந்த அன்னிக்கு எங்கப்பா பேசவே மாட்டாரு. எங்களையும் பேச வுடமாட்டாரு." அந்த இடத்தில் இரண்டு நிறமும் கொஞ்ச தூரம் கலந்து கிடக்கும். கடையில் விவரம் தெரிந்தவர்கள் முதலில் அதைத்தான் விரித்துப் பார்ப்பார்களாம், இணைத்த தடம் தெரிந்தால்தான் அசல் வேலை என்று.

பாக்கி அரை மணி

மாடிக்குப் போகும்போது மின்தூக்கியில் அம்மா கேட்டார்: "காலத்த நெய்யிறவங்கன்னு சொல்றியே, அந்த அரை மணிய என்ன பண்ணாங்க?"

எங்கள் வீட்டில் 'அந்த அரை மணி' என்றால் ஒன்றே ஒன்றுதான். 1981 டிசம்பர் 31, இரவு 11.30 மணி. சிங்கப்பூர் முழுக்க அந்த நேரத்தில் முள்ளை அரை மணி முன்னே தள்ளினார்கள், 11.30 நேராக 12 ஆயிற்று, 1982 பிறந்தது. மலேசியா தன் தீபகற்பத்தையும் சபா, சரவாக்கையும் ஒரே நேரத்துக்குள் கொண்டுவந்தது. வியாபாரமும் போக்குவரத்தும் பின்னிக் கிடக்கும் நாமும் கூடவே போனோம். அம்மா திருமணமாகி இங்கு வந்து இரண்டு வருடம். நான் எட்டு மாதக் குழந்தை. அப்பா கப்பல் பட்டறையில் இரவு 11 மணி முதல் காலை 7 மணி வரை ஷிஃப்ட். வானொலியில் சொன்னபடி அம்மா முக்காலி போட்டு ஏறிச் சுவர்க் கடிகாரத்தின் முள்ளைத் திருப்பினார். "கீழ எறங்குறதுக்குள்ள வருசமே மாறிப்போச்சு" என்பார். மறுநாள் அப்பா வழக்கம்போல ஏழு மணிக்குப் பட்டறையை விட்டுக் கிளம்பினார். அந்த மாதச் சம்பளத்தில் அரை மணிக் கூலியைப் பிடித்துவிட்டார்கள். எட்டு மணி நேர ஷிஃப்டில் ஏழரை மணிதான் வேலை பார்த்தார்களாம். கணக்கு சரிதான். அப்பா ஒருபோதும் ஒப்புக்கொள்ளவில்லை. 'நானா முள்ளைத் தள்ளினேன்' என்பது அவர் கட்சி. சாகும்வரை, மின்கட்டணம் ஏறினாலும் பேருந்து தாமதமானாலும், "ஏற்கெனவே எனக்கு அரை மணி பாக்கி" என்பார்.

அம்மாவின் கேள்வி எனக்குத் தூக்கத்தைக் கெடுத்தது. இந்த ஊரின் நேரத்தையே ஒரு துணியாக விரித்துப் பார்த்தால் எத்தனை பேட்னி! சூரியனைக் கேட்டால் சிங்கப்பூருக்கு நியாயமான நேரம் கிரீன்விச்சுக்கு ஏறத்தாழ 6 மணி 55 நிமிடம் முன்னால். 1905இல் அதை ஏழு மணியாக்கினார்கள். 1933இல் இருபது நிமிடம் சேர்த்தார்கள். 1941இல் இன்னும் பத்து. 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் வந்து தோக்கியோ நேரத்தைத் திணித்தார்கள், ஒரேயடியாக ஒன்றரை மணி. 1945 செப்டம்பரில் அது கழன்றது. 1982இல் இப்போதைய எட்டு. வெயில் உச்சிக்கு வரும்போது நம் கடிகாரம் ஒரு மணியைத் தொட்டிருக்கும். பிள்ளைகள் இருட்டில் பள்ளிக்கூடம் போவதும் இதனால்தான். சிராங்கூன் சாலையில் வாங்கிய தினசரி நாட்காட்டியில் திங்கட்கிழமை ராகுகாலம் 7.30 முதல் 9 என்று போட்டிருக்கும். காலை ஆறு மணிக்குச் சூரியன் உதிப்பதாக வைத்துக்கொண்ட கணக்கு அது. இங்கே ஆறு மணிக்குக் காக்கைகூட எழுந்திருக்காது, ஏழு ஆகும். அப்படியானால் ராகு எட்டரைக்கு வரவேண்டுமா? அம்மாவிடம் கேட்டால் இரண்டையும் விட்டுவிட்டுப் பத்து மணிக்கு மேல் கிளம்பச் சொல்வார்.

இதில் என் கைபட்ட முடிச்சும் ஒன்று இருக்கிறது. 2012 ஜூலை 1, ஞாயிறு காலை. நான் பணியில் இருந்தேன். பூமி சுற்றுவதில் சீராக இல்லாததால், அணுக் கடிகாரங்கள் அதைவிட்டு மெல்ல விலகிப்போகும். அதைச் சரிக்கட்ட எப்போதாவது ஒரு நொடியைக் கூடுதலாகச் செருகுவார்கள். 1972 முதல் 2016 வரை 27 தடவை செருகியிருக்கிறார்கள். ஐரோப்பாவில் அது நள்ளிரவை ஒட்டி வரும். நமக்குக் காலை 7 மணி 59 நிமிடம் 59 நொடிக்குப் பிறகு எட்டு மணி ஆகாமல், 60 என்று ஒரு நொடி வந்து நின்றுவிட்டுப் போகும். அன்று அந்த நொடி வந்ததும் என் பொறுப்பில் இருந்த லினக்ஸ் எந்திரங்கள் பல பைத்தியம் பிடித்தாற்போல முழுவேகத்தில் ஓட ஆரம்பித்தன. உலகமெங்கும் அதே கதைதான். நானோ பழக்கதோஷத்தில் ஒவ்வொன்றாக அணைத்துப் போட்டுக்கொண்டிருந்தேன், நகலை எடுத்து மீட்கவும் தயாரானேன். அப்புறம்தான் தகவல் வந்தது: எதையும் அணைக்கவேண்டாம், இப்போது என்ன நேரமோ அதையே கடிகாரத்துக்கு இன்னொரு தடவை சொல்லுங்கள், போதும். ஒரு வரிக் கட்டளை. தட்டினேன், எந்திரம் பெருமூச்சு விட்டதுபோல அடங்கியது. கூகுளில் இதையே வேறுமாதிரி செய்கிறார்கள், அந்த ஒரு நொடியைப் பல மணி நேரத்துக்கு மெல்லியதாகப் பரப்பிவிடுவார்கள், பாவுக்குக் கஞ்சி தடவுவதுபோல. இப்போது இந்த முடிச்சே வேண்டாம் என்று 2035க்குள் இந்த வழக்கத்தை மாற்ற 2022இல் தீர்மானம் போட்டிருக்கிறார்கள்.

எனக்கு அன்றிரவு வியப்பாக இருந்தது வேறொன்று. உலகத்துக்கெல்லாம் ஒரே சரியான கடிகாரம் எங்கோ இருக்கிறது என்றுதான் பலரும் நினைக்கிறோம். இல்லை. பல நாடுகளின் எண்பது சொச்சம் ஆய்வகங்களில் நானூறுக்கும் மேற்பட்ட அணுக் கடிகாரங்கள் ஓடுகின்றன. ஒவ்வொன்றும் கொஞ்சம் முந்தும், கொஞ்சம் பிந்தும். பாரிசுக்கு அருகே செவ்ரில் இருக்கும் அளவீட்டு நிலையத்தில் அவற்றையெல்லாம் ஒப்பிட்டு, ஒழுங்காக ஓடுவதற்குக் கூடுதல் மதிப்புக் கொடுத்து, ஒரு சராசரி நேரத்தைக் கணக்கிட்டு மாதத்துக்கொருமுறை வெளியிடுவார்கள். யார் எவ்வளவு தப்பினார்கள் என்று அப்போதுதான் தெரியும். நம் தேசிய அளவியல் மையமும் அதில் ஓர் இழை கொடுக்கிறது. நான் கற்பனை என்று நினைத்து எழுதிய கணம் நிஜமாகவே இருக்கிறது, வெண்கல ஆமை இல்லாமல். நேற்றைக்குத் திரும்பிப் போக அவர்களிடம் வழியில்லை. தப்பைக் குறித்துக்கொண்டு அடுத்த மாதம் தொடர்கிறார்கள்.

பாட்டி சொன்ன தறி

அடுத்த சனிக்கிழமை ஆமையைத் தூக்கிவிட்டேன். பிள்ளைகள் கொஞ்சம் முணுமுணுத்தார்கள். தேக்காவில் வாங்கிய ஒரு கஜம் காடாத் துணியை மேசையில் விரித்தோம். தறிக்கு நான்கு இருக்கைகள், நால்வருக்கும் ஒன்று. இழை அறுந்தால் நால்வரில் ஒருவர் எழுந்து போய் முடியவேண்டும், முடிவதற்குத் தன்னிடமிருந்து ஒரு துண்டு கொடுக்கவேண்டும்: ஒரு திறமை, ஒரு நட்பு, ஒரு நினைவு. கொடுத்தது திரும்பாது. கொடுத்ததற்கு அடையாளமாகத் துணியின் பின்பக்கம் ஊசியில் நிஜமான முடிச்சு. முதல் மணியிலேயே பாலம் மறுபடி இடிந்தது. அரைமணி நேரம் சண்டை, யார் என்ன கொடுப்பது என்று. முழுக்கத் தமிழில் சண்டை! மகன் தன் பாத்திரத்தின் நீச்சல் திறமையைக் கொடுத்தான். அடுத்த காட்சியிலேயே ஆறு குறுக்கிட்டது. நான் வேண்டுமென்று வைக்கவில்லை, ஏற்கெனவே வரைபடத்தில் இருந்த ஆறுதான். கண்ணாடிப் பையன் அவனை முதுகில் தூக்கிக்கொண்டு நீந்தினான். கைப்பேசிப் பெண் தன் பாத்திரத்தின் அண்ணன் பெயரைக் கொடுத்துவிட்டு, அந்தப் பெயரை நாங்கள் யாரும் இனிமேல் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டாள்.

அந்த அரை மணியையும் வைத்தோம். அது மகனின் யோசனை. துணியில் இரண்டு நிறம் சேரும் இடத்தில் அரை விரற்கடை அகலத்துக்கு ஊடையே ஓடாத ஒரு சந்து. கணத்தார் நெய்யாமல் தாண்டிய பகுதி. அதற்குள் இருப்பவர்களுக்கு வயதாகாது, வெளியே இருப்பவர்களுக்கு அவர்களைத் தெரியாது. நுழைய ஆசைப்படுகிறவர் மிகப் பிடித்த ஒன்றைக் கொடுத்துவிட்டு உருட்டவேண்டும், பத்துக்கு மேல் விழுந்தால் கதவு திறக்கும். யாரும் இதுவரை முயலவில்லை. பயம்.

சென்ற வாரம் தேநீர் கொண்டுவந்த அம்மா மேலே போகாமல் பக்கத்துக் கல் இருக்கையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். மகன் துணியைத் திருப்பி முடிச்சுகளைக் காட்டினான். அம்மா கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவிக்கொண்டே வந்தார், முடிச்சு வரும்போதெல்லாம் நின்று. அந்தச் சந்து வந்ததும், "இது என்னப்பா, வழுவழுன்னு இருக்கு?" என்றார். சொன்னோம்.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "வெளியாளுங்க உருட்டலாமா?" என்று கேட்டார்.

"நீங்க வெளியாள் இல்ல பாட்டி" என்று அந்தப் பெண் பகடையை எடுத்து அம்மாவின் உள்ளங்கையில் வைத்தாள். "ஆனா ஏதாவது குடுக்கணும்."

அம்மா சொன்னது எங்களுக்குக் கேட்கவில்லை. அந்தப் பெண்ணின் காதில்தான் சொன்னார். அவள் என்னைத் திரும்பிப் பார்த்துவிட்டு, ஊசியில் நூலைக் கோத்து, ஒரு முடிச்சு போட்டாள்.

அம்மா சோழி குலுக்குவதுபோல இரண்டு கையாலும் குலுக்கி உருட்டினார். பகடை சதுரங்கக் கட்டங்களைத் தாண்டி ஓடி, தேநீர்க் கோப்பையில் முட்டி நின்றது. நால்வரும் எழுந்து எட்டிப் பார்த்தார்கள்.

நான்கு.

"பத்தாதா?" என்று கேட்டார் அம்மா.